இரண்டு பாறைகளில் ஒரு கிரகம்



ஒரு வெறும் படப்பிடிப்புத் தளம். நாலு சுவர், கீழே தரை. பழைய புராணப் படம் ஒன்றுக்காகச் செய்து மிஞ்சிப்போன பிளாஸ்டிக் பாறைகள் இரண்டு. கையில் இருந்தது இவ்வளவுதான். இதை வைத்துக்கொண்டு, மனிதன் கால் படாத ஒரு கிரகத்தைக் காட்டியாக வேண்டும்.

இந்த நிலைமையில் நின்றவர் மாரியோ பாவா என்ற இத்தாலிய இயக்குநர். இடம், ரோம் நகரின் சினெசிட்டா ஸ்டூடியோ. இரண்டு பாறைக் கதையைப் பிற்காலத்தில் சொன்னவரும் அவரேதான். படத்தின் பெயர் 'தெர்ரோரே நெல்லோ ஸ்பாட்சியோ'. 'விண்வெளியில் பயங்கரம்' என்று பொருள். 1965இல் வெளிவந்த இந்தப் படம் ஆங்கிலத்தில் 'பிளானட் ஆஃப் தி வாம்பயர்ஸ்' என்ற பெயரில் ஓடியது.

இத்தாலி, ஸ்பெயின், அமெரிக்கா என்று மூன்று நாட்டுத் தயாரிப்பாளர்கள் சேர்ந்து எடுத்தும், மொத்தச் செலவு சுமார் 2 லட்சம் டாலர். மூன்று ஆண்டு கழித்து வந்த '2001: எ ஸ்பேஸ் ஒடிஸி' படத்துக்கு 1 கோடி டாலருக்கு மேல் செலவானது என்பதோடு இதை வைத்துப் பாருங்கள்.

கதை எளிமையானது. 'அவுரா' என்ற கிரகத்திலிருந்து உதவி கேட்டு ஓர் அழைப்பு வருகிறது. இரண்டு விண்கலங்கள் அங்கே இறங்குகின்றன. இறங்கிய மாத்திரத்தில் கூட வந்தவர்களே ஒருவரை ஒருவர் கொல்லப் பாய்கிறார்கள். இறந்தவர்களைப் புதைக்கிறார்கள். புதைக்கப்பட்டவர்கள், சுற்றியிருந்த பிளாஸ்டிக் உறையைக் கிழித்துக்கொண்டு எழுந்து வருகிறார்கள். ரெனாத்தோ பெஸ்த்ரினியேரோ என்ற இத்தாலிய எழுத்தாளரின் சிறுகதைதான் இதற்கு மூலம்.

சரி, இரண்டு பாறை எப்படி ஒரு கிரகம் ஆயிற்று?

பாவா இயக்குநராவதற்கு முன் பல ஆண்டுகள் ஒளிப்பதிவாளராக இருந்தவர். அவருடைய அப்பா எவுஜேனியோ பாவா சிற்பி. ஊமைப்பட நாட்களிலேயே காமிராத் தந்திரங்கள் செய்தவர். அப்பாவின் பட்டறையில் மகன் கற்றுக்கொண்ட பாலபாடம் ஒன்று உண்டு: காமிராவுக்கு ஒரே கண். நமக்கு இரண்டு கண் இருப்பதால், எது பக்கத்தில், எது தூரத்தில் என்று சட்டென்று தெரிந்துவிடுகிறது. ஒற்றைக் கண்ணுக்கு அது தெரியாது. பக்கத்தில் வைத்த ஒரு சாண் பொம்மையும், தூரத்தில் நிற்கும் பெரிய கட்டடமும் அதற்கு ஒன்றுதான்.

இந்த அறிவை வைத்துத்தான் அந்நாளில் கண்ணாடித் தந்திரம் ஒன்றைச் செய்தார்கள். காமிராவுக்கு முன்னால் முகம் பார்க்கும் கண்ணாடி ஒன்றைச் சாய்வாக நிறுத்துவார்கள். பக்கவாட்டில் ஒரு சின்ன மாதிரி உருவம் இருக்கும். கண்ணாடியில் அதன் பிம்பம் விழும். பிறகு, நடிகர்கள் தெரிய வேண்டிய இடத்தில் மட்டும் கண்ணாடியின் பின்பக்க ரசத்தைச் சுரண்டி எடுத்துவிடுவார்கள். அந்த ஓட்டை வழியாகத் தூரத்தில் நடந்து வரும் ஆட்கள் தெரிவார்கள். பிம்பமும் ஆட்களும் ஒரே நொடியில், ஒரே பிலிமில் பதிவாகிவிடும். கைப்பிடி உயர மாதிரி, மனிதர்களுக்கு மேல் மலையாக எழுந்து நிற்கும். பிறகு லேபில் இரண்டு படங்களை ஒட்டவேண்டிய வேலையே இல்லை. அந்தச் செலவும் இல்லை.

அந்த இரண்டு பாறைகளையும் பாவா கண்ணாடிகள் வைத்துப் பலவாகப் பெருக்கினார். தளம் முழுக்கப் புகையை நிரப்பினார். விளக்குகளில் வண்ணத் தாள் மாட்டினார். சிவப்பு, பச்சை, ஊதா. புகைக்குள் வண்ண ஒளி பாய்ந்ததும் தளத்தின் சுவர் காணாமல் போனது. தரை எங்கே முடிகிறது, வானம் எங்கே தொடங்குகிறது என்பது தெரியவில்லை. காசில்லாததை மூடிமறைக்க விட்ட புகை, அந்தக் கிரகத்தின் மூச்சுக்காற்றாகவே ஆகிவிட்டது. பயமும் அங்கிருந்துதான் பிறக்கிறது. எதிரில் வருவது யார், உயிரோடு இருப்பவரா, இறந்தவரா என்று அந்த மூட்டத்தில் தெரிவதே இல்லை.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. நாயகன் பேரி சல்லிவன் அமெரிக்கர். நாயகி நோர்மா பெங்கெல் பிரேசில்காரர். உடன் நடித்த ஆங்ஹெல் அராந்தா ஸ்பெயின்காரர். படப்பிடிப்பில் அவரவர் அவரவர் மொழியில் வசனம் பேசினார்கள். எல்லாக் குரலையும் பிறகு டப்பிங்கில் சேர்த்தார்கள். அந்நாளைய இத்தாலியில் அதுதான் நடைமுறை. எதிரே இருப்பவர் பேசுவது புரியாமலே, திரையில் ஒரே கலத்தின் கூட்டாளிகளாக அவர்கள் நிற்கிறார்கள்.

படத்தில் ஓர் இடம் என் மனத்தை விட்டு அகலாதது. கைவிடப்பட்ட அந்நியக் கலம் ஒன்றுக்குள் நுழைகிறார்கள். அங்கே, மனிதனைவிடப் பலமடங்கு பெரிய ஓர் எலும்புக்கூடு கிடக்கிறது. 1979இல் வந்த 'ஏலியன்' படத்திலும் இதற்கு நெருங்கிய காட்சி வருகிறது. இரண்டையும் சேர்த்துப் பேசாத விமர்சகர்கள் குறைவு.

பாவா 1980இல் மறைந்தார். 2016இல் இந்தப் படத்தைப் புதுப்பித்து, கான் திரைப்பட விழாவில் பழைய செவ்வியல் படங்களின் வரிசையில் திரையிட்டார்கள். கீறலும் அழுக்கும் நீங்கிய தெளிவான பிரதி அது. தெளிவு கூடினால் வேஷம் கலைந்துவிடும் என்றுதான் நினைப்போம். கலையவில்லை. புகை இன்னும் அழகாகத் தெரிகிறது. அதற்குள் அந்தப் பாறைகள் இன்னமும் மலைகளாகவே நிற்கின்றன.

வாய்ப்புக் கிடைத்தால் பாருங்கள், நேயர்களே. விளக்கை அணைத்துவிட்டுப் பாருங்கள். எத்தனை பாறை என்று எண்ணவும் முயன்று பாருங்கள். இரண்டு என்று தெரிந்திருந்தும் என்னால் எண்ணி முடிக்க முடியவில்லை.