நட்ட கன்றுக்குக் காவல் யார்?

 

இன்று ஜூலை 26, சர்வதேச கண்டல் தினம். கூட்டம் முடிந்ததும் களப்போரம் போய்க் கன்று நடப்போகிறோம். லொறி வந்து வெளியே நிற்கிறது. அதற்கு முன் கசப்பான கணக்கொன்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது, கோபிக்காதீர்கள்.

2004 டிசம்பர் 26 சுனாமியைப் பற்றிக் கல்முனைக்கும் மருதமுனைக்கும் சாய்ந்தமருதுக்கும் யாரும் வகுப்பெடுக்கத் தேவையில்லை. அம்பாறை மாவட்டத்தில் மட்டும் 10,000 பேருக்கு மேல் மௌத்தானார்கள். அதற்குப் பிறகு, அலையைத் தடுக்கும் என்று நாடெங்கும் கண்டல் நடும் ஆர்வம் பொங்கியது. காசு வந்தது, பதாகை வந்தது, கெமராவும் வந்தது. நட்டவர்கள் கை கழுவிக்கொண்டு போய்விட்டார்கள்.

ருஹுணு பல்கலைக்கழகத்தின் கொடிகார, ஜயதிஸ்ஸ ஆகியோர் பெல்ஜிய ஆய்வாளர்களோடு சேர்ந்து அந்த இடங்களுக்குத் திரும்பப் போய்ப் பார்த்தார்கள். 2017இல் முடிவு வெளிவந்தது. 1,000 முதல் 1,200 ஹெக்டேயர் வரை நட்டதில் தேறியது 200 முதல் 220. பார்த்த 23 இடங்களில் 9 இடங்களில் ஒரு கன்றும் மிஞ்சவில்லை. பாதிக்கு மேல் பிழைத்தவை கற்பிட்டி, பம்பல, நீர்கொழும்பு மட்டுமே. கன்று பிழைப்பதற்கும் நட்டபின் யாராவது பார்த்துக்கொள்வதற்கும் நேரடித் தொடர்பு இருப்பதையும் அந்த ஆய்வு காட்டியது.

கன்று ஏன் சாகிறது? கண்டல் விதை மரத்திலேயே முளைவிட்டு முருங்கைக்காய் மாதிரித் தொங்கும். பொறுக்குவது சுலபம், சேற்றில் குத்துவது அதைவிடச் சுலபம். அதனால் கண்ணா என்ற வேறு இனம் நிற்க வேண்டிய மேட்டிலும் கண்டலையே குத்திவிட்டுப் போகிறோம். பிறகு மாடு மிதிக்கும், பாசி அப்பும், பூச்சி அரிக்கும். முகத்துவாரம் மணலால் அடைபட்டுத் தண்ணீர் ஏறினால் முழங்கால் உயரக் கன்று மூச்சுமுட்டிச் சாகும். முகத்துவாரம் எந்த மாதம் அடையும், வெட்டிவிட்டால் தண்ணீர் எந்த மட்டுக்கு வடியும் என்பதெல்லாம் களப்பில் இறால் பிடிக்கிறவருக்குத் தெரியும். நடுகைத் திட்டம் எழுதும் மேசையில் அவருக்கு மட்டும் கதிரை போடுவதில்லை!

பாதிக்கு மேல் பிழைத்ததாகச் சொன்ன அந்தப் பம்பலயில் சிறு மீனவர்களின் அமைப்பான சுதீச இருக்கிறது. கண்டலைக் காக்கும் கரையோரப் பெண்களுக்குத் தொழிற்பயிற்சியும் சிறுகடனும் கொடுக்கும் திட்டத்தை 2015இல் அரசோடும் அமெரிக்காவின் சீகாலஜி அமைப்போடும் சேர்ந்து அவர்கள் தொடங்கினார்கள். விறகுக்குக் கண்டலை வெட்டிய கையே அதற்குக் காவல் நிற்கலாம், வீட்டு அடுப்புக்கு வேறு வழி காட்டினால். 2024இல் ஐக்கிய நாடுகள் சபை இலங்கையின் கண்டல் மீட்பை உலக முன்மாதிரிகளில் ஒன்றாக அறிவித்தது. சந்தோசம்தான். ஆனால் அந்தப் பெயரைக் காப்பாற்ற வேண்டியது நம்முடைய சேற்றிலும்தான்.

  

மரம் நடுவது ஸதகா என்று ஹஸரத்மார் சொல்வார்கள். வைத்ததைச் சாகவிட்டால் அந்த ஸதகா எங்கே போகும்? ஆகவே என் கோரிக்கை இதுதான். இன்றைய செலவில் பாதியைக் காவலுக்கும் பராமரிப்புக்கும் ஒதுக்குங்கள். அந்தக் காசு களப்போரக் குடும்பங்களின் கைக்கே போகட்டும். மாட்டுக்காரரையும் கூப்பிட்டுப் பேசுங்கள். வேலி அடித்தபின் பேசினால் வேலிதான் உடையும். நம்முடைய ஒலுவில் தென்கிழக்குப் பல்கலைக்கழக மாணவர்கள் மூன்று மாதத்துக்கு ஒரு தடவை வந்து உயிரோடு நிற்கும் கன்றை எண்ணட்டும். அந்தக் கணக்கை ஜும்ஆவுக்குப் பிறகு பள்ளிவாசல் பலகையில் ஒட்டுங்கள், ஊரே பார்க்கட்டும். அடுத்த ஜூலையில் மேடை வேண்டாம், பொன்னாடையும் வேண்டாம். அந்தக் காசிலும் செத்த கன்றுக்குப் பதில் கன்று வாங்கலாம்.

லொறிச் சாரதி அவசரப்படுகிறார். முன்வரிசையில் இருக்கும் தோணிக்காரக் காக்கா, நீங்கள் எழும்பி முன்னுக்கு வாங்க. எந்தப் பக்கம் இறக்க வேண்டும் என்று நீங்களே அவருக்குச் சொல்லுங்க.