முள்ளங்கியும் அதன் கீரையும்



மாலை வேளையில் காய்கறிச் சந்தைக்குச் சென்றால் ஒரு காட்சியைக் காணலாம். முள்ளங்கி வாங்குவோர் வேரின் பருமனைப் பார்க்கின்றனர், விலை பேசுகின்றனர், இறுதியில், "தழையைத் திருகிப் போட்டுவிடப்பா" என்கின்றனர். திருகிய தழை மாட்டுக்குப் போய்ச் சேர்கிறது. மாட்டுக்கு அது நல்ல தீவனமே, ஐயமில்லை. ஆயினும், கட்டின் விலையில் அத்தழையின் விலையும் அடங்கியிருக்கிறது என்பதை நாம் எண்ணுவதில்லை. காசு கொடுத்து வாங்கிய பொருளில் சத்து மிகுந்த பகுதியை அங்கேயே விட்டு வருகிறோம்.

முள்ளங்கி கடுகின் குடும்பத்தைச் சேர்ந்தது. மனிதன் அதனை உண்ணத் தொடங்கிய காலம் மிகப் பழையது. எகிப்தியப் பிரமிடைக் கட்டிய தொழிலாளர்க்கு முள்ளங்கியும் வெங்காயமும் பூண்டும் வழங்கப்பட்ட செய்தியைக் கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் குறித்திருக்கிறார். நாம் கிழங்கு என்று வழங்குவது உண்மையில் பருத்த ஆணிவேரே. இலைதான் கதிரவன் ஒளியைக் கொண்டு உணவு சமைக்கும் அடுக்களை. வேர் அதனைச் சேர்த்து வைக்கும் களஞ்சியம். களஞ்சியத்தைப் போற்றும் நாம் அடுக்களையை மறப்பது முறையாகுமா?

இவ்விரண்டின் சத்தையும் ஒப்பிட்டுப் பாருங்கள். 100 கிராம் முள்ளங்கி வேரில் சுண்ணாம்புச் சத்து ஏறத்தாழ 30 மில்லி கிராம் உண்டு. அதே எடையுள்ள கீரையிலோ அது 200 மில்லி கிராமுக்கு மேல் இருக்கிறது. 'சி' வைட்டமினும் வேரில் உள்ளதைவிடக் கீரையில் மிகுதி. உடலுக்குள் 'ஏ' வைட்டமினாக மாறும் கரோட்டின் வெள்ளை முள்ளங்கியில் இல்லை என்றே சொல்லலாம். கீரையில் நிறைய உண்டு. 'ஏ' வைட்டமின் குறைந்தால் மாலைக்கண் நோய் வரும் என்பதை நீங்கள் பாடத்தில் படித்திருப்பீர்கள். பாடத்தில் படித்தது பந்திக்கு வரவேண்டாமா?

"முள்ளங்கியின் நெடி எனக்கு ஆகாது" என்று சொல்வோர் உண்டு. அந்நெடியின் காரணத்தை அறிந்தால் வெறுப்பு குறையும். முள்ளங்கியின் திசுக்களில் கந்தகம் கலந்த ஒரு பொருளும், அதனைச் சிதைக்கும் நொதி ஒன்றும் தனித்தனியே அடைபட்டிருக்கின்றன. அரியும்போதும் துருவும்போதும் அவை இரண்டும் கலக்கின்றன. உடனே காரமும் நெடியும் பிறக்கின்றன. வெப்பம் பட்டால் அந்த நொதி செயலிழந்துவிடும். ஆதலின், பச்சையாக உறைக்கும் முள்ளங்கி சாம்பாரில் சாதுவாகிவிடுகிறது. இலைமேல் உள்ள சுணையைக் கண்டும் அஞ்ச வேண்டா. வெந்தபின் அது நாவில் உறுத்தாது.

இனிச் சமைக்கும் முறையைக் கேளுங்கள். முள்ளங்கியைத் தழையோடு வைத்திருந்தால், இலைகளின் வழியே நீர் ஆவியாகி வேர் வாடிவிடும். ஆகவே வீட்டுக்கு வந்தவுடன் தழையைத் தனியே பிரித்து, அன்றே சமைத்துவிடுவது நலம். பழுத்த இலைகளையும் முற்றிய காம்புகளையும் நீக்குக. மண் போக மூன்று நான்கு முறை நீரில் அலசுக. அலசிய பின்பே அரிதல் வேண்டும். அரிந்தபின் அலசினால் சத்து நீரோடு போய்விடும். ஒரு கைப்பிடி பாசிப்பருப்பை மலர வேகவைத்துக் கொள்க. சிறிது நல்லெண்ணெயில் கடுகு, உளுத்தம்பருப்பு, மிளகாய் வற்றல், வெங்காயம் தாளித்து, கீரையைப் போட்டு வதக்குக. கீரையிலுள்ள நீரே அது வேகப் போதும். வெந்ததும் பருப்பையும் உப்பையும் தேங்காய்த் துருவலையும் சேர்த்து இறக்குக. எண்ணெயைச் சுவைக்காக மட்டும் சேர்ப்பதாக எண்ணாதீர்கள்; கரோட்டினை உடல் ஏற்றுக்கொள்ளக் கொழுப்பு துணைசெய்கிறது.

பிற இடங்களில் இக்கீரைக்கு இத்தகைய இழிவு இல்லை. பஞ்சாபில் வேரையும் கீரையையும் ஒன்றாக அரிந்து சமைக்கின்றனர். ஜப்பானில் ஆண்டுதோறும் ஜனவரி 7ஆம் நாள் ஏழுவகைப் பசுந்தழைகள் இட்ட அரிசிக்கஞ்சி உண்ணும் மரபு இருக்கிறது. அவ்வேழனுள் முள்ளங்கிக் கீரையும் ஒன்று.

நல்லுணவு செல்வர் வீட்டுக்கே உரியது என்னும் எண்ணம் நம்மிடம் ஊறியிருக்கிறது. வருவாய் குறைந்த வீட்டிலும் வளரும் பிள்ளைக்கு எலும்பு உரம் பெற வேண்டும். கண் ஒளி பெற வேண்டும். அதற்கு உதவும் பொருள், வாங்கிய கட்டிலேயே இருக்கிறது. அறியாமையால் அதனை வீசிவிடுவது ஏழ்மையினும் கொடிது.

ஆதலால் ஒன்று செய்யுங்கள். அடுத்த முறை அங்காடிக்குச் செல்லும்போது, பசுமை மாறாத தழையுள்ள கட்டாகத் தேர்ந்தெடுங்கள். "தழையோடு கொடுங்கள் ஐயா" என்று கேளுங்கள். வீட்டில் ஒரு சாண் மண் இருந்தால் சில விதைகளை ஊன்றுங்கள். நாற்பது ஐம்பது நாளில் வேரும் கீரையும் கைக்கு வரும். அம்மா கீரை அரியும்போது அருகில் அமர்ந்து உதவுங்கள். நீங்கள் கற்ற அறிவியலை அவருக்கும் சொல்லுங்கள். அடுக்களையில் பயன்படும்போதுதான் கல்வி நிறைவு பெறுகிறது.