தீர்வைக் கோரிக்கைக்கு அஞ்ச வேண்டாம்

(கமக்காரர் கூட்டமொன்றில் ஆற்றப்பெற்ற உரை)



காணி வாங்கி உறுதியும் முடித்தபின் மாகாண இறைவரித் திணைக்களத்திலிருந்து கடிதமொன்று வருகின்றது. "நீர் செலுத்திய முத்திரைத் தீர்வை போதாது, இன்னும் இவ்வளவு செலுத்துக" என்பதே அதன் சாரம். அதைக் கண்டதும் சிலர் அஞ்சிக் கடன்பட்டுக் கட்டிவிடுகின்றனர். வேறு சிலர் கடிதத்தைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டிவிடுகின்றனர். இரண்டும் தவறு.

காணிக் கைமாற்றத்தின் மீதான முத்திரைத் தீர்வை, 1987ஆம் ஆண்டின் பதின்மூன்றாவது அரசியலமைப்புத் திருத்தத்தினால் மாகாணங்களுக்குரியதாயிற்று. அப்பணம் நம் உள்ளூராட்சி மன்றங்களுக்கே போய்ச் சேருகின்றது. ஆகவே நியாயமான தீர்வையைச் செலுத்துவது நமது கடமை. நியாயத்துக்கு மேல் ஒரு சதம் கேட்கப்பட்டாலும் அதனை மறுப்பது நமது உரிமை.

விற்பனை உறுதிக்கு முதல் ஓர் இலட்சம் ரூபாவுக்கு 3 வீதமும் மிகுதிக்கு 4 வீதமும் வழக்கிலுள்ள விகிதம். 20 இலட்சம் ரூபாவுக்கு எழுதிய உறுதியொன்றுக்கு, இக்கணக்கின்படி, தீர்வை 79,000 ரூபா. அக்காணி 30 இலட்சம் பெறுமென்று திணைக்களம் மதித்தால் தீர்வை 1,19,000 ரூபாவாகும். மேலதிகம் 40,000 ரூபா. விதைக்கும் உரத்துக்கும் ஒதுக்கிய பணம் அதிலே போய்விடும்.

"நான் கொடுத்த விலை இதுதானே" என்பீர்கள். சட்டம் நோக்குவது கொடுத்த விலையை மட்டுமன்று. உறுதி முடித்த நாளில் அக்காணி திறந்த சந்தையில் என்ன விலை பெறும் என்பதையுமாம். எனவே ஏழ்மையைச் சொல்லி இரங்கக் கேட்பது மேன்முறையீடாகாது. பெறுமதிக்குச் சான்று காட்டுவதே மேன்முறையீடு.

அச்சான்றுகள் யாவை? அயற்காணிகள் அதே காலத்தில் விற்கப்பட்ட உறுதிகளின் பிரதிகளைக் காணிப் பதிவகத்திற் பெறலாம். பெருந்தெருவோரத்துப் பரப்பின் விலையை உள்ளொழுங்கைப் பரப்புக்குப் பொருத்தியிருந்தால், நில அளவைப் படமே அதனைக் காட்டிக்கொடுக்கும். கிணற்று நீர் உவரா, மாரியில் வெள்ளம் நிற்குமா, வாங்கியது பிரிபடாத பங்கா, காணியிற் குடியிருப்போர் உளரா என்பனவெல்லாம் விலையைக் குறைப்பவை. தகுதிபெற்ற விலைமதிப்பாளரின் அறிக்கையும் சேர்ந்தால் வாதம் வலுப்பெறும். திணைக்களத்தின் மதிப்பு எதனை ஆதாரமாகக் கொண்டதென்று எழுத்தில் வினவுங்கள். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் அதற்குத் துணை நிற்கும்.

காலக்கெடுவை மறவாதீர்கள். அறிவித்தல் கிடைத்த நாளைக் குறித்து, கடித உறையையும் பேணி வையுங்கள். குறித்த நாட்களுக்குள், காரணங்களை இலக்கமிட்டு எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். கந்தோருக்குச் சென்று வாயாற் சொன்னது மேன்முறையீடாகக் கணிக்கப்படாது. தமிழிலேயே எழுதுங்கள்; தமிழிலேயே பதிலையும் கேளுங்கள். வடக்கிலும் கிழக்கிலும் தமிழ் நிர்வாக மொழி என்பதை 1988ஆம் ஆண்டின் பதினாறாவது திருத்தம் உறுதிசெய்துள்ளது. கடிதத்தைப் பொருட்படுத்தாது இருந்துவிடலாமென எண்ணாதீர்கள். தீர்வை குறைந்த உறுதியை, குறை தீர்க்கும்வரை, நீதிமன்றம் சான்றாக ஏற்காது.

இறுதியாக ஓர் எச்சரிக்கை. தீர்வையை மிச்சம் பிடிக்கவென்று உண்மை விலையைக் குறைத்து எழுதுவோர் நம்மிடையே உண்டு. அத்தகைய உறுதியை வைத்து மேன்முறையீடு செய்வது மணலிற் சுவர் எழுப்புவதாகும். நாளை 1950ஆம் ஆண்டின் காணி எடுத்தற் சட்டத்தின் கீழ் அரசு அக்காணியை எடுத்து, சந்தைப் பெறுமதிப்படி நட்டஈடு நிர்ணயிக்கும்போது, அந்தக் குறைந்த விலையே உங்களுக்கு எதிராகச் சாட்சி சொல்லும். பத்து ரூபா மிச்சம் பிடிக்கப்போய் நூறு ரூபாவை இழப்பதா?

செலுத்த வேண்டியதை மனமுவந்து செலுத்துவோம். செலுத்த வேண்டாததை ஆதாரத்தோடு மறுப்போம். அறிவித்தல் வந்தால், நாள் தாழ்த்தாது உறுதியையும் படத்தையும் எடுத்துக்கொண்டு சட்டத்தரணியிடம் செல்லுங்கள்.