போர்ச் செய்தியில் எழுவாய்



போர்ச் செய்தியைப் படிக்கையில் நாம் முதலில் எழுவாயைத் தேடுதல் நன்று. 'குண்டுகள் வீசப்பட்டன', 'பொதுமக்கள் கொல்லப்பட்டனர்' என்னும் தொடர்களில் செயல் உண்டு, செய்தவர் இல்லை. தமிழின் செயப்பாட்டுவினை 'ஆல்' உருபேற்ற சொல்லை எளிதில் உதறிவிடும். இலக்கணம் இதனைக் குற்றமெனக் கொள்ளாது. ஆயினும் ஒரு தரப்பின் குண்டுக்குப் பெயர் சொல்லி, மறுதரப்பின் குண்டுக்கு அதனை விடுத்தால், படிப்பவர் மனம் தம்மையறியாமலே ஒரு பக்கம் சாய்கிறது.

சான்று தேடித் தொலைவு செல்ல வேண்டியதில்லை. 1941 டிசம்பர் 11 அன்று ஜப்பானிய விமானங்கள் இந்த ஜார்ஜ் டவுன் மீது குண்டு வீசின. ஓடி ஒளிந்திருக்க வேண்டிய மக்கள் தெருவில் நின்று அண்ணாந்து வேடிக்கை பார்த்தனர். வந்தவை பிரித்தானிய விமானங்கள் என்றே பலர் நம்பினர். மலாயாவின் காவல் வலிது, ஜப்பானியர் வலிமை குறைந்தவர் என்று காலனிய அரசு ஓயாது சொல்லி வந்தது. நாளேடுகளும் அதனைப் பரப்பின. நூற்றுக்கணக்கானோர் மாண்டனர்.

அடுத்த சில நாள்களில் ஐரோப்பியர் இரகசியமாகத் தீவை விட்டு நீங்கினர். எஞ்சிய நகரைக் காக்கப் பல இனத்தாரும் கூடி அமைத்த குழுவுக்குத் தலைமை ஏற்றவர், 'ஸ்ட்ரெயிட்ஸ் எக்கோ' நாளேட்டின் ஆசிரியரும் இலங்கைத் தமிழருமான சரவணமுத்து. கார்ன்வாலிஸ் கோட்டையில் பறந்த பிரித்தானியக் கொடியை இறக்கியவர் அவரே. நகரில் படையில்லை, குண்டு வீச வேண்டா என்று வானொலியில் ஜப்பானியருக்கு அறிவித்தவரும் அவரே. டிசம்பர் 19 அன்று ஜப்பானியப் படை வந்தது.

பின்னர்ச் சிங்கப்பூரிலிருந்து வானொலியில் பேசிய பிரித்தானிய அமைச்சர் டஃப் கூப்பர், பினாங்கு மக்களில் பெரும்பாலோர் வெளியேற்றப்பட்டுவிட்டதாகக் கூறினார். மலாய்க்காரரும் சீனரும் இந்தியரும் இங்கேயேதான் இருந்தனர்! செய்தவரை மறைப்பதைவிட, 'மக்கள்' என்னும் சொல்லையே ஓர் இனத்தளவில் சுருக்குவது கொடிது என்பது நம் கருத்து. மறைந்த எழுவாயைத் தேடிக் கண்டுகொள்ளலாம். சுருங்கிய சொல்லோ முழுமையானது போலவே காட்சி தரும்.

ஜப்பானியர் ஆட்சியில் இங்கு வெளிவந்த 'பினாங்கு ஷிம்புன்' புதிய ஆண்டகைகளின் குரலாயிற்று. அதனை விரித்துரைக்க இங்கு நேரமில்லை.

இன்று நம் தமிழ் நாளேடுகள் அயல்நாட்டுப் போர்ச் செய்திகளைப் பெரும்பாலும் செய்தி நிறுவனங்களின் ஆங்கில வாசகத்திலிருந்தே பெயர்க்கின்றன. குண்டு வீசியவர் பெயர் மூலத்தின் மூன்றாம் பத்தியில் இருக்கும். தமிழில் இடம் போதாமல் அப்பத்தியே வெட்டுண்டு போகும். அப்பெயரை முதல் தொடருக்குக் கொணர ஒரு சொல்லே செலவாகும். வீசியவர் யாரெனத் தெரியாதபோது 'யார் வீசினர் என்பது உறுதியாகவில்லை' என்று எழுத ஒரு வரி போதும்.