தட்டச்சுப் பொறிக்கு அஞ்சிய ஆட்சி

ஓர் ஆட்சியின் கொடுமையை அதன் சிறைக்கூடங்களை மட்டும் எண்ணி அளந்துவிட முடியாது. அது குடிமக்களின் அடுப்படிக்குள்ளும் படுக்கையறைக்குள்ளும் எவ்வளவு தூரம் நுழைந்தது என்பதையும் சேர்த்தே அளக்க வேண்டும் என்பதற்கு, 1965 முதல் 1989 வரை நிக்கோலாய் சௌசெஸ்கு ஆண்ட ருமேனியாவே சான்று. அந்த ஆட்சியைச் சாய்த்தவர்களுள் பெயரே தெரியாத ஒருவர் இருக்கிறார்; இந்த அவை அவரை மறக்கலாகாது.

வெளிநாட்டுக் கடன் ஆயிரம் கோடி டாலரைத் தாண்டியதும், அதை அடைத்தே தீருவதென்று முடிவெடுத்த அரசு, நாட்டில் விளைந்ததைக் கப்பலேற்றிவிட்டுச் சொந்த மக்களை ரொட்டிக்கு வரிசையில் நிறுத்தியது. இறைச்சிக் கடையில் பெரும்பாலும் எஞ்சியது பன்றியின் கால்தான். அதற்கு மக்கள் வைத்த பெயர் 'அடிடாஸ்'. கடுங்குளிரிலும் வீடுகளின் வெப்பம் குறைக்கப்பட்டது, 40 வாட் விளக்கே வெளிச்சமானது, தொலைக்காட்சி வாரநாள்களில் இரண்டே மணி நேரம் ஓடியது.

"கடனை அடைத்த ஆட்சி" என்று இன்றும் புகழ்வோர் உண்டு. 1989 ஏப்ரலில் கடன் தீர்ந்ததாக அறிவிக்கப்பட்டது மெய். ஆனால் அது மக்களின் வயிற்றைக் காயப்போட்டுக் கட்டிய கடன் என்பதையும் அவர்கள் சேர்த்துச் சொல்லட்டும்! 1966இன் 770ஆம் ஆணை கருக்கலைப்பைத் தடைசெய்ததால், மறைவில் அதற்கு முயன்று மாண்ட பெண்கள் ஆயிரக்கணக்கானோர் என்பதையும் சொல்லட்டும்!

எழுதுகோல் பிடித்தோர் நிறைந்த அவையில் இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். 1983இல் வந்த ஆணைப்படி, தட்டச்சுப் பொறி வைத்திருப்பவர் அதைக் காவல்துறையிடம் பதிவுசெய்து, அதன் எழுத்துகள் அனைத்தையும் ஒரு தாளில் அடித்து மாதிரியாக ஒப்படைக்க வேண்டும். குற்றவாளியின் கைரேகையைப் போல அந்த மாதிரி கோப்பில் காத்திருக்கும், துண்டறிக்கை ஒன்று கிடைத்தால் எந்த வீட்டுப் பொறி அதை அடித்தது என்று 'செக்யூரிதாத்தே' எனும் ரகசியக் காவல்துறை கண்டுபிடித்துவிடும். பீரங்கி வைத்திருந்த அரசு 'அ' என்ற எழுத்துக்கு அஞ்சியது.

திமிஷோரா நகரில் ஆட்சியை எதிர்த்துத் திரண்ட மக்கள் சுடப்பட்ட சில நாள்களில், 1989 டிசம்பர் 21 அன்று, புக்கரெஸ்ட் சதுக்கத்தில் கைதட்டுவதற்கென்று திரட்டி வரப்பட்ட கூட்டத்திலிருந்துதான் அந்தப் பெயரற்றவரின் எதிர்ப்புக் குரல் எழுந்தது. அது பரவியபோது, மாடத்தில் நின்ற தலைவர் கையை உயர்த்தியபடி "அலோ, அலோ" என்று அழைத்துத் தடுமாறியதை நாடே நேரலையில் கண்டது, ஒளிபரப்பும் அறுந்தது. சம்பளத்தை உயர்த்துவதாக அவர் அறிவித்தும் கூச்சல் அடங்கவில்லை. மறுநாள் ஹெலிகாப்டரில் தப்பியோடிய அவர், 25ஆம் தேதி விசாரிக்கப்பட்டு அன்றே சுட்டுக் கொல்லப்பட்டார். அந்த எழுச்சியில் உயிரிழந்தோர் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர். சதுக்கத்தில் முதலில் குரலெழுப்பியவர் யார் என்பது இன்றுவரை உறுதிப்படவில்லை.