பூ உதிர்ந்த ஆர்க்கிட்டை என்ன செய்வது?

(நமது சமுதாயக் கூடத்தில் நடந்த மாடித்தோட்டச் சந்திப்பில் பேசியது)



பொங்கல் முடிந்த வாரம், நம் குப்பை பிரிக்கும் இடத்தில் ஒரே நாளில் மூன்று ஆர்க்கிட் தொட்டிகளைப் பார்த்தேன். மூன்றிலும் இலை தடிப்பாக, பச்சையாக இருந்தது. பூ மட்டும் இல்லை. யார் போட்டது என்று விசாரிக்கவில்லை, எடுத்து வந்துவிட்டேன். அதில் ஒன்றுதான் இந்த மேசைமேல் இருப்பது. புது வேர் விட்டிருக்கிறது, பாருங்கள். உரியவர் இங்கே இருந்தாலும் திருப்பித் தருவதாக இல்லை!

பூ உதிர்ந்தால் செடி செத்துவிட்டது என்று அர்த்தமில்லை. நம் வீடுகளில் இருப்பது பெரும்பாலும் இரண்டு வகை. பரிசாக வருவது பெலனாப்சிஸ். அகலமான இலை, வளைந்த காம்பில் பட்டாம்பூச்சி போலப் பூ. மற்றது டென்ட்ரோபியம், கரும்பு மாதிரி கணுக்கணுவாகத் தண்டு இருக்கும். இரண்டுக்கும் கத்தரி வைக்கும் விதம் வேறு.

பெலனாப்சிஸில் பூக்காம்பு காய்ந்து பழுப்பாகிவிட்டால் அடியில் ஒரு விரற்கடை விட்டு வெட்டிவிடுங்கள். பச்சையாக இருந்தால், கீழிருந்து இரண்டாவது அல்லது மூன்றாவது கணுவுக்குச் சற்று மேலே வெட்டலாம். அங்கிருந்து கிளைத்துப் பூக்க வாய்ப்புண்டு. இலை இரண்டுதான் இருக்கிறது, அதுவும் துவண்டிருக்கிறது என்றால் அந்த ஆசை வேண்டாம். காம்பை அடியோடு எடுத்துச் செடியைத் தேறவிடுங்கள்.

டென்ட்ரோபியத்தில் நான் ஒரு பாவம் செய்திருக்கிறேன். இலை உதிர்ந்த பழைய தண்டுகள் பார்க்க நன்றாக இல்லையே என்று ஐந்தையும் வெட்டித் தள்ளினேன். மூன்று மாதத்தில் செடி போய்விட்டது. தண்ணீரும் உணவும் சேர்த்து வைக்கும் கிடங்கே அந்தத் தண்டுதான் என்று பிறகுதான் தெரிந்தது. மொட்டைத் தண்டிலேயே மறுபடி பூ வருவதும் உண்டு. பூக்காம்பை மட்டும் வெட்டுங்கள். முழுதாகக் காய்ந்து சுருங்கிய தண்டை மட்டும் எடுங்கள்.

ஒரு செடியில் வைத்த கத்தரியை அப்படியே அடுத்ததில் வைக்காதீர்கள். வைரஸ் அப்படித்தான் பரவும். வந்துவிட்டால் மருந்து கிடையாது. அடுப்புத் தீயில் காட்டி, ஆறவைத்து வெட்டுங்கள்.

தொட்டி மாற்றவும் இதுவே சமயம். மண் வேண்டவே வேண்டாம். கரித்துண்டு, உடைத்த செங்கல், தேங்காய் மட்டைத் துண்டு போதும். அமுக்கினால் கொழகொழவென்று இருக்கும் வேரை வெட்டி எடுங்கள். வேர் வெள்ளிநிறமாக இருந்தால் தாகம், பச்சையாக இருந்தால் தண்ணீர் போதும் என்று பொருள். போர் தண்ணீரின் உப்பு வேரில் படியும், மழைநீர் உத்தமம். ஆனால் மூடி வையுங்கள், கொசு வரும். தொட்டியைக் குளியலறையில் நனைத்து, வடிந்த பின் பால்கனிக்குக் கொண்டு போங்கள். கீழ்வீட்டில் காயும் துணிமேல் சொட்டி, செயலாளருக்குப் புகார் போனதும் என் தொட்டியால்தான்.

ஓர் உண்மையையும் சொல்லிவிடுகிறேன். பெலனாப்சிஸ் புதுக்காம்பு விட, சில வாரங்களாவது 25 டிகிரிக்குக் கீழான குளுமை வேண்டும். சென்னையில் மார்கழி, தை இரவுகளை விட்டால் அதற்கு வழி குறைவு. டென்ட்ரோபியம் நம் ஊர் வெக்கையைத் தாங்கும். புதிதாக வாங்குகிறவர்கள் அதையே வாங்குங்கள்.

பராமரிக்க முடியாதவர்கள் தொட்டியைக் குப்பையில் போடாமல் காவலாளி அறைக்குப் பக்கத்தில் வைத்துவிடுங்கள். காலையில் நடக்கப் போகும்போது நான் எடுத்துக்கொள்கிறேன்.