பொதுவாய் இருப்பதை வெளியே எடுப்போம்

(பண்டாரவளைப் பகுதித் தோட்டப் பெற்றோர் கூட்டத்தில் கணித ஆசிரியர் ஒருவர் பேசியது)

"சேர், மகனுக்கு இலக்கக் கணக்கு நல்லா வருது. எழுத்து வந்தாத்தான் ஒண்ணும் விளங்கலையாம்" என்று ஒரு தாய் என்னிடம் சொன்னார். அந்த எழுத்துக் கணக்குத்தான் அட்சரகணிதம். அதிலே பிள்ளைகள் அதிகம் பயப்படுவது காரணி காண்பதற்கு. ஆனால் அது உங்களுக்குத் தெரிந்த கணக்கு.

ஞாயிற்றுக்கிழமை கைக்காசுக்குக் கொழுந்து எடுக்கிறீங்க. அம்மா 18 கிலோ, அக்கா 15, சித்தி 17. மூன்று பேர் காசையும் தனித்தனியாகப் பெருக்கியா கூட்டுவீங்க? மொத்தம் 50 கிலோ என்று சேர்த்து, ஒரே தடவை பெருக்குவீங்க. கிலோவுக்கு 'வ' ரூபாய் என்றால், 18வ + 15வ + 17வ = வ(18 + 15 + 17). பொதுவாய் இருந்த 'வ' வெளியே வந்துவிட்டது. அதுதான் பொதுக் காரணி.

பிள்ளைகள் இதைத் தரம் 8 இல் படிக்கிறார்கள். தரம் 9 இல் ப² + 5ப + 6 போன்றவை வரும். பெருக்கினால் 6, கூட்டினால் 5 வரும் இரண்டு எண்கள் எவை? 2, 3. ஆகவே விடை (ப + 2)(ப + 3). தரம் 10 இல் இதை வைத்தே இருபடிச் சமன்பாடு தீர்க்க வேண்டும். பிறகு சாதாரண தரப் பரீட்சை. எல்லாம் படிக்கட்டுப் போல. ஒரு படி உடைந்தால் மேலே ஏற முடியாது.

நான் தரம் 8 படித்தபோது, தம்பியைப் பார்த்துக்கொள்ள மூன்று கிழமை லயத்திலே நின்றேன். திரும்பிப் போனபோது அந்தப் பாடம் முடிந்துவிட்டது. கேட்க வெட்கம். சாதாரண தரத்தில் முதல் தடவை கணிதம் தவறியது. பிறகு பழைய தரம் 8 புத்தகத்தை எடுத்து, விட்ட இடத்திலிருந்து படித்துத்தான் சித்தியடைந்தேன்.

இலவசக் கல்வி 1945 இல் வந்தாலும், தோட்டப் பாடசாலைகளை அரசாங்கம் பொறுப்பேற்றது 1970களில்தான். நம் தாய் தகப்பனுக்குக் கிடைக்காத பாடம் இது. நீங்க கணக்குச் சொல்லிக் கொடுக்க வேண்டாம். பிள்ளை காரணி கண்டதும், "திருப்பிப் பெருக்கிக் காட்டு, பழைய கணக்கு வருதா?" என்று மட்டும் கேளுங்க. வந்தால் சரி, வராவிட்டால் பிழையைப் பிள்ளையே கண்டுபிடிக்கும்.

சின்னதைப் பிள்ளைமடுவத்திலே விடுங்க. பெரியதைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்புங்க.